குறைமாதக் குழந்தையின் கண்ணும் ஆக்சிஜன் குழாயும்: பச்சிளங்குழந்தைப் பிரிவுகளை நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

பெறுநர்: தமிழ்நாட்டின் அரசு, தனியார் மருத்துவமனைகளில் பச்சிளங்குழந்தைப் பிரிவுகளுக்குப் பொறுப்பான குழந்தைநல மருத்துவர்கள், செவிலியர் கண்காணிப்பாளர்கள், மாவட்ட நலப்பணிகள் இணை இயக்குநர்கள்.

வணக்கம்.

பார்வையைப் பறிக்கக்கூடிய குறைமாத விழித்திரை நோய் இருக்கிறதா என்று குறைமாதக் குழந்தைகளின் விழித்திரையைப் பார்த்து, தேவைப்பட்டால் லேசர் வைப்பது எங்கள் வேலை. உங்கள் பிரிவில் உயிர் பிழைத்த குழந்தைதான் எங்கள் மேசைக்கு வருகிறது. ஆகவே இது புகார் மனு அல்ல. 900 கிராம் குழந்தையை இரவு பகலாகக் காப்பாற்றி வீட்டுக்கு அனுப்புகிறவர்களின் கையில்தான் அந்தக் குழந்தையின் கண்ணும் இருக்கிறது. அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறோம்.

எங்கள் கோரிக்கை இரண்டே. ஆக்சிஜனை மற்ற மருந்துகளைப் போலவே அளவு குறித்து, கேஸ் ஷீட்டில் எழுதிக் கொடுங்கள். முதல் கண் பரிசோதனை முடியாமல், அல்லது அதற்கான தேதியும் இடமும் கையில் கொடுக்காமல், எந்தக் குறைமாதக் குழந்தையையும் டிஸ்சார்ஜ் செய்யாதீர்கள். இரண்டும் உங்களுக்குத் தெரிந்தவைதான். தெரிந்தும் எங்கே வழுக்குகிறது என்பதைச் சொல்லவே இவ்வளவு நீளமான மடல்.

விழித்திரைக்கு இரண்டு வழியில் ரத்தம் வருகிறது. வெளி அடுக்குக்கு, அதன் பின்னாலிருக்கும் கோராய்டு என்ற ரத்தக்குழாய்ப் படலம் ரத்தம் ஊட்டுகிறது. உள் அடுக்குகளுக்கு விழித்திரையின் சொந்த ரத்தக் குழாய்கள். இந்தச் சொந்தக் குழாய்கள் கருவின் 16ஆவது வாரம் வாக்கில் பார்வை நரம்பின் முகப்பிலிருந்து கிளம்பி, விளிம்பை நோக்கி மெல்லப் படர்கின்றன. மூக்குப் பக்க விளிம்பை 36 வாரத்திலும், காதுப் பக்க விளிம்பை ஏறத்தாழ 40 வாரத்திலும் எட்டும். 28 வாரத்தில் பிறந்த குழந்தைக்கு இந்தப் பாசனம் பாதி வழியில் நிற்கிறது. கடைமடை இன்னும் தண்ணீரைக் காணவில்லை.

கருப்பையில் குழந்தையின் ரத்தத்தில் ஆக்சிஜன் அழுத்தம் 30 மி.மீ. பாதரசம் அளவில்தான் இருக்கும். அந்தக் குறைவுதான் குழாய்களை வளரச் சொல்லும் கட்டளை. ஆக்சிஜன் போதாத திசு விஇஜிஎஃப் என்ற புரதத்தைச் சுரக்கிறது. குழாய்கள் அதை நோக்கிப் படர்கின்றன. பிறந்ததும் இந்தக் கணக்கு குலைகிறது. அறைக்காற்றை மூச்சாக இழுத்தாலே ஆக்சிஜன் அழுத்தம் கருப்பையில் இருந்ததைவிட மிகவும் கூடிவிடும். அதற்கு மேல் நாம் அளவில்லாமல் ஆக்சிஜன் கொடுத்தால் அழுத்தம் 100ஐத் தாண்டி எங்கோ போய் நிற்கும். கோராய்டு குழாய்களுக்கு, ஆக்சிஜன் கூடினால் சுருங்கிக்கொள்ளும் பழக்கம் கிடையாது. வந்ததை அப்படியே விழித்திரைக்குள் தள்ளிவிடும். திசு நிறைந்துபோய் விஇஜிஎஃப் சுரப்பதை நிறுத்துகிறது. வளர்ந்துகொண்டிருந்த இளங்குழாய்கள் நின்றுவிடுகின்றன. நுனியில் இருப்பவை சுருங்கி மடிகின்றன. இது முதல் கட்டம். வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு எதுவும் தெரியாது.

கருவயது 32 வாரம் வாக்கில் விழித்திரையின் ஒளியுணர் செல்கள் முதிரத் தொடங்குகின்றன. உடம்பிலேயே அதிகமாக ஆக்சிஜன் தின்னும் திசுக்களில் ஒன்று அது. இப்போது குழாய் இல்லாத பகுதி பட்டினி கிடக்கிறது; விஇஜிஎஃப் அளவு மீறிக் கொட்டுகிறது. குழாய் உள்ள பகுதிக்கும் இல்லாத பகுதிக்கும் நடுவில் முதலில் ஒரு கோடு, பிறகு மேடு, பிறகு அதன்மேல் கண்டபடி முளைக்கும் புதுக் குழாய்கள். அவை விழித்திரைக்குள் படராமல் கண்ணின் நடுக்கூழுக்குள் எழும்பி, நாராகி, சுருங்கும்போது விழித்திரையைப் பிய்த்து இழுக்கின்றன. இதுதான் நாம் ஆர்ஓபி என்று சுருக்கிச் சொல்லும் குறைமாத விழித்திரை நோய். முதல் கட்டத்தின் கேடு ஆக்சிஜன் மிகுதி. இரண்டாம் கட்டத்தின் கேடு ஆக்சிஜன் பற்றாக்குறை. முதல் கட்டம் உங்கள் வார்டில் நடக்கிறது. இரண்டாம் கட்டம் பெரும்பாலும் குழந்தை ஆக்சிஜனை விட்டு, எடை ஏறி, எல்லோரும் நிம்மதியாக மூச்சுவிடும் வாரங்களில், பல நேரம் பாட்டி வீட்டுத் தொட்டிலில் நடக்கிறது.

இங்கே ஓர் எச்சரிக்கை. ஆக்சிஜன் கெடுதி என்று சொன்னவுடன் அதைக் குறைத்துவிட்டால் போதும் என்று நினைப்பது பழைய தவறு. 1942இல் பாஸ்டனில் தியோடர் டெர்ரி இந்த நோயை முதலில் விவரித்தார். 1951இல் மெல்போர்னில் கேட் கேம்பெல் ஆக்சிஜன்மேல் சந்தேகத்தை வைத்தார். 1950களின் நடுவில் அமெரிக்காவில் நடந்த கூட்டு ஆய்வு அந்தச் சந்தேகத்தை உறுதி செய்தது. உடனே ஆக்சிஜனை 40 சதவீதத்துக்குமேல் கொடுக்கக்கூடாது என்று கண்ணை மூடிக்கொண்டு கட்டுப்படுத்தினார்கள். பார்வையிழப்பு குறைந்தது, குழந்தைகள் இறப்பது கூடியது. அரை நூற்றாண்டுக்குப் பிறகு, சாச்சுரேஷன் (ஹீமோகுளோபினில் எத்தனை சதவீதம் ஆக்சிஜன் ஏறியிருக்கிறது என்ற அளவு) 85–89 ஒரு பக்கம், 91–95 ஒரு பக்கம் என்று ஆயிரக்கணக்கான குழந்தைகளிடம் நடந்த பெரிய ஆய்வுகளும் அதையே சொல்லின. குறைந்த இலக்கில் ஆர்ஓபி குறைவு, ஆனால் மரணம் அதிகம். எனவே கண்ணைக் காப்பாற்றுகிறோம் என்று யாரும் சாச்சுரேஷனை 85க்கு இறக்க வேண்டாம். கண் மருத்துவர்களாகிய நாங்களே இதைச் சொல்கிறோம்.

இலக்கு 90 முதல் 95. அலாரம் கீழே 89, மேலே 96. ஆக்சிஜன் வாங்கும் குறைமாதக் குழந்தை ஒவ்வொன்றின் மானிட்டரிலும் இந்த இரண்டு எண்களும் இருக்க வேண்டும். பல இடங்களில் கீழ் அலாரம் சரியாக இருக்கும், மேல் அலாரம் மட்டும் 100இல் கிடக்கும். 100ஐத் தாண்டும் சாச்சுரேஷன் உலகத்தில் கிடையாது என்பதால் அந்த அலாரம் ஒருநாளும் கத்தாது. இயந்திரத்தை அணைத்துப் போட்டால் சில மாடல்கள் பழைய எண்ணுக்கே திரும்பிவிடும் என்பதால், ஷிஃப்ட் மாறும்போது அலாரம் எண்களையும் ஒப்படைப்பில் சேர்த்துச் சொல்லும் வழக்கம் நல்லது.

95க்கு மேலே ஏன் இவ்வளவு பயப்படுகிறோம்? ஹீமோகுளோபின் கிட்டத்தட்ட நிரம்பிய பிறகு சாச்சுரேஷன் எண் எதையும் சொல்லாது. 90க்கும் 95க்கும் இடையில் ரத்தத்தின் ஆக்சிஜன் அழுத்தத்தை ஓரளவு ஊகிக்கலாம். 99 என்று காட்டும்போது அழுத்தம் 90ஆகவும் இருக்கலாம், 250ஆகவும் இருக்கலாம். திரையில் ஒரே எண்தான். ஆனால் குழந்தை அறைக்காற்றில் இருந்துகொண்டு 99 காட்டினால் கவலையே வேண்டாம். அது அதன் நுரையீரல் தேறியதன் அடையாளம். அப்போது மேல் அலாரத்தை எடுத்துவிடலாம். இந்த வேறுபாடு தெரியாமல், அறைக்காற்றில் இருக்கும் குழந்தைக்கும் மேல் அலாரம் வைத்து, அது ஓயாமல் கத்த, கடைசியில் வார்டு முழுவதற்கும் அலாரத்தை அணைத்துவிடுவது நடக்கிறது. செவிலியர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. அர்த்தமில்லாமல் கத்தும் அலாரத்தை யாரும் மதிக்க மாட்டார்கள்.

கேஸ் ஷீட்டில் மணிக்கொருமுறை சாச்சுரேஷன் எழுதுகிறீர்கள். அதன் பக்கத்திலேயே அந்த நேரத்தில் கொடுக்கும் ஆக்சிஜன் சதவீதத்தையும் எழுதச் சொல்லுங்கள். '98' என்று மட்டும் இருந்தால் அது நல்ல செய்தியா, கெட்ட செய்தியா என்று யாருக்கும் தெரியாது. '98, 21 சதவீதம்' என்றால் நல்ல செய்தி. '98, 45 சதவீதம்' என்றால் உடனே குறைக்க வேண்டும் என்ற கட்டளை. ஒரே வரியில் இன்னோர் எண், அவ்வளவே.

மூக்குக் குழாயில் 'லிட்டர்' கணக்கு எழுதுவதுதான் பெரிய பொறி. 'அரை லிட்டர்தானே ஓடுகிறது' என்ற சொல்லை எல்லா வார்டிலும் கேட்கலாம். கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஒரு கிலோ குழந்தை ஒரு மூச்சில் இழுப்பது ஏறக்குறைய 5.5 மில்லி, உள்ளிழுக்கும் நேரம் சுமார் 0.3 நொடி. சுவரிலிருந்து நேரடியாக 100 சதவீத ஆக்சிஜன் நிமிடத்துக்கு 1 லிட்டர் ஓடினால், அந்த 0.3 நொடியில் 5 மில்லி தூய ஆக்சிஜன் வருகிறது. மூச்சு முழுவதும் அதுதான். குழந்தைக்குப் போவது 90 சதவீதத்துக்கு மேல். அரை லிட்டரில் 2.5 மில்லி, அதாவது ஏறத்தாழ 57 சதவீதம். கால் லிட்டரில் கூட 39 சதவீதம் வந்துவிடுகிறது. அதே 1 லிட்டர், 2 கிலோ குழந்தைக்கு 57 சதவீதம்தான் ஆகும். ஆக, குழந்தையின் எடை தெரியாமல் லிட்டர் எண்ணுக்குப் பொருளே இல்லை. பெரியவர்களுக்கு 1 லிட்டர் சொற்பம். இந்தக் குழந்தைக்கு அது வெள்ளம்.

ஆக்சிஜனையும் காற்றையும் கலந்து தரும் பிளெண்டர் இருந்தால் இந்தக் கவலை பாதி தீரும். சதவீதத்தை அதில் வைத்து, ஓட்டத்தைத் தனியாக வைக்கலாம். பிளெண்டர் இல்லை, ஆனால் அழுத்தக் காற்று இருக்கிறது என்றால், இரண்டு ஃப்ளோமீட்டர்களை ஒய் இணைப்பில் சேர்த்து, மூக்கு வழியாகத் தொடர் அழுத்தத்தில் காற்று தரும் சிபேப்புக்கு விடலாம். மொத்தம் 6 லிட்டர் வேண்டும், 40 சதவீதம் வேண்டும் என்றால் ஆக்சிஜன் 1.5, காற்று 4.5. 30 சதவீதம் போதும் என்றால் ஆக்சிஜன் 0.7, காற்று 5.3. இந்தக் கணக்கை ஒரு அட்டையில் எழுதி ஒவ்வொரு சிபேப் பக்கத்திலும் ஒட்டிவிடுங்கள். நடு இரவில் யாரும் கூட்டல் கழித்தல் போட வேண்டியிருக்காது. வெறும் ஆக்சிஜனை மட்டும் குமிழி சிபேப்பில் விட்டு '5 செ.மீ. சிபேப்' என்று எழுதுவதை மட்டும் எங்கே கண்டாலும் நிறுத்துங்கள். அங்கே அழுத்தம் சரி, ஆக்சிஜன் 100 சதவீதம்.

பிளெண்டரையும் கண்ணை மூடி நம்பக்கூடாது. ஆக்சிஜன், காற்று இரண்டு பக்கமும் ஒரே அளவில் அழுத்தம் வந்தால்தான் அது சரியாகக் கலக்கும். காற்றுக் கம்ப்ரஸர் நின்றுபோனால் உள்ளே வால்வு திறந்து, முழு ஆக்சிஜனை வெளியே விடும். குழந்தைக்கு எதுவுமே வராமல் போய்விடக்கூடாது என்பதற்காகச் செய்த ஏற்பாடு அது. அப்போது அது விசில் போலக் கத்தும். அந்தச் சத்தம் தொந்தரவாக இருக்கிறது என்று அலாரத் துளையை பிளாஸ்திரி ஒட்டி அடைப்பவர்கள் உண்டு. டயல் 30இல் நிற்கும், குழந்தைக்கு 100 போகும். ஆக்சிஜன் அனலைசர் ஒன்று வார்டில் இருந்தால், அறைக்காற்றில் 21, தூய ஆக்சிஜனில் 100 என்று சரிபார்த்துவிட்டு, எல்லா பிளெண்டர்களின் வாயிலும் வாரம் ஒருமுறை வைத்துப் பார்க்கலாம். உயிர் மருத்துவப் பொறியாளர் வரும்வரை காத்திருக்க வேண்டாம்.

வார்டுக்கு வருவதற்கு முந்தைய ஒரு மணி நேரத்தையும் சொல்ல வேண்டும். பிரசவ அறையில் குறைமாதக் குழந்தைக்கு 21 முதல் 30 சதவீதத்தில் தொடங்கினால் போதும். வலது கையில் சாச்சுரேஷன் காட்டும் ப்ரோப் போட்டுப் பாருங்கள். முதல் நிமிடத்தில் 60–65, ஐந்தாவது நிமிடத்தில் 80–85, பத்தாவது நிமிடத்தில் 85–95 வந்தால் அது இயல்பான ஏற்றம்தான். பிறந்த இரண்டாவது நிமிடத்தில் 68 என்று பார்த்துப் பதறி ஆக்சிஜனைத் திறந்துவிடக் காரணமில்லை. கையால் அழுத்தி மூச்சுக் கொடுக்கும் ஆம்பு பையில், ஆக்சிஜனைத் தேக்கும் ரிசர்வாயர் மாட்டியிருந்தால் 90–100 சதவீதம் போகும், கழற்றினால் சுமார் 40, ஆக்சிஜன் குழாயையே இணைக்காவிட்டால் 21. மூச்சு நின்ற குழந்தைக்குப் பை அழுத்தும்போது, நிமிடத்துக்கு முன் என்ன சதவீதத்தில் இருந்ததோ அதிலேயே தொடங்குங்கள். ஒவ்வொரு முறையும் 100க்குத் தாவி, பிறகு இறக்க மறந்து, மீண்டும் மூச்சு நின்று, மீண்டும் தாவுவது என்ற ஏற்ற இறக்கம், நிலையான மிகுதியைவிடக்கூடக் கண்ணுக்குக் கெடுதல் செய்யலாம். மூச்சைத் தூண்டும் மருந்தான காஃபீனை நேரத்தில் தொடங்கினால் இந்த மூச்சுத் தடங்கலே குறையும். கடுமையான ஆர்ஓபியும் அதனால் குறைந்ததை ஆய்வு காட்டியிருக்கிறது. ஆம்புலன்ஸில் அனுப்பும்போது சிலிண்டரோடு பிளெண்டரையும் பல்ஸ் ஆக்சிமீட்டரையும் சேர்த்து அனுப்ப முடியுமா என்று பாருங்கள். இரண்டு மணி நேரப் பயணம் முழுவதும் 100 சதவீதம் கொடுத்த குழந்தைகளுக்கு அந்த இரண்டு மணி நேரம் எந்தக் குறிப்பிலும் இருப்பதில்லை.

ஆக்சிஜன் மட்டுமே காரணம் என்றால் எங்கள் வேலை எளிது. விஇஜிஎஃப் தனியாக நின்று குழாயை வளர்க்காது; அதற்கு ஐஜிஎஃப்-1 என்ற வளர்ச்சிப் பொருளும் வேண்டும். கருப்பையில் இருந்தவரை அதற்குக் குறைவில்லை. பிறந்ததும் அளவு விழுந்து, குழந்தை நன்றாகப் பால் குடித்து எடை ஏறினால்தான் மீண்டும் எழும்பும். அதனால் முதல் சில வாரங்களில் எடை ஏறாத குழந்தை, ரத்தத்தில் கிருமி தொற்றிய குழந்தை, பலமுறை ரத்தம் ஏற்றிய குழந்தை என்றால், ஆக்சிஜன் குறைவாகவே வாங்கியிருந்தாலும் எங்கள் பட்டியலில் முன்னால் வரும். ஏற்றிய ரத்தத்தில் இருப்பது பெரியவர்களின் ஹீமோகுளோபின். திசுவிடம் ஆக்சிஜனை எளிதாக விட்டுவிடும். தாய்ப்பால், கங்காரு அரவணைப்பு, கை கழுவுவது எல்லாமே கண் மருத்துவம்தான்.

யாரைப் பார்க்க வேண்டும் என்பதில் தயவுசெய்து அமெரிக்கப் பாடப்புத்தகத்தின் எல்லையைப் பிடித்துத் தொங்காதீர்கள். அங்கே 1500 கிராம் அல்லது 30 வாரம் என்பது போதுமானதாக இருக்கிறது. இங்கே 1700, 1800 கிராம் குழந்தைகளும் லேசர் தேவைப்படும் நிலையில் வருகிறார்கள். மத்திய அரசின் குழந்தைகள் நலத் திட்டமான ராஷ்ட்ரிய பால் ஸ்வாஸ்த்ய காரியக்ரம் 2017இல் வெளியிட்ட வழிகாட்டி சொல்வதே நமக்கான எல்லை: பிறப்பு எடை 2000 கிராமுக்குக் குறைவு, அல்லது கருவயது 34 வாரத்துக்குக் குறைவு. 34 முதல் 36 வாரத்தில் பிறந்தும், ஆக்சிஜன், கிருமித்தொற்று, ரத்தம் ஏற்றுதல் போன்ற சிக்கல்களைக் கடந்த குழந்தைகளும் இதில் சேர்த்தி. முதல் பரிசோதனை பிறந்த 30 நாளுக்குள். 28 வாரத்துக்கு முன் பிறந்தவர்களுக்கும் 1200 கிராமுக்குக் குறைந்தவர்களுக்கும் இரண்டு, மூன்று வாரத்திலேயே. கருவயது சரியாகத் தெரியாவிட்டால் எடையை நம்புங்கள். இரண்டும் ஐயமாக இருந்தால் அனுப்பிவிடுங்கள். தேவையில்லாமல் ஒரு குழந்தையைப் பார்த்ததற்காக எந்தக் கண் மருத்துவரும் கோபிக்க மாட்டார்.

பரிசோதனைக்கு வரும் நாளில் வார்டு செய்ய வேண்டியதையும் விவரமாகவே சொல்லிவிடுகிறோம், ஏனென்றால் பாதி நேரம் இதில்தான் கெடுகிறது. கடைகளில் கிடைக்கும் கண்மணி விரிக்கும் மருந்து, டிராபிகமைடு 0.8 சதவீதமும் ஃபினைலெஃப்ரின் 5 சதவீதமும் கலந்தது. அது பெரியவர்களுக்கானது. சம அளவு செயற்கைக் கண்ணீர்ச் சொட்டோடு நீர்த்து, ஃபினைலெஃப்ரின் 2.5 சதவீதம் ஆக்கிய பிறகே குழந்தைக்கு. 10 சதவீத ஃபினைலெஃப்ரின் எந்தக் காரணத்துக்காகவும் வேண்டாம். ரத்த அழுத்தம் எகிறும். ஒவ்வொரு கண்ணுக்கும் ஒரு சொட்டு, 10–15 நிமிட இடைவெளியில் இரண்டு அல்லது மூன்று முறை. வழிந்ததைப் பஞ்சால் துடைத்துவிடுங்கள். கன்னத்தின் தோல் வழியாகவும் மருந்து உள்ளே போகும். பரிசோதனைக்கு ஒரு மணி நேரம் முன்பே பால் கொடுத்து முடித்திருக்க வேண்டும். கண்ணைத் திறக்கும் கருவியும், விழியை அழுத்தும் கருவியும் பட்டவுடன் இதயத் துடிப்பு சரிவதும் மூச்சு நிற்பதும் உண்டு. ஆகவே மானிட்டர் மாட்டியபடி, ஆம்பு பை அருகில் வைத்துக்கொண்டு, நாக்கில் சில சொட்டு 24 சதவீத சுக்ரோஸ் வைத்து, மரத்துப்போகும் சொட்டும் போட்ட பிறகே தொடங்குவோம். கண்மணி விரியாமல் பிடிவாதம் பிடித்தால் இன்னும் இரண்டு முறை மருந்து போடுவதற்கு முன் எங்களைக் கேளுங்கள். நோய் முற்றிய கண்ணில் கண்மணி விரியாமல் இருப்பதே ஒரு அடையாளம்.

டார்ச் அடித்துப் பார்த்து 'கண் நன்றாக இருக்கிறது' என்று எழுதுவதை மட்டும் விட்டுவிடுங்கள். விழித்திரை முழுவதும் பிய்ந்து, கண்மணி வெள்ளையாகத் தெரியும்வரை வெளியிலிருந்து எதுவும் தெரியாது. அப்படித் தெரியும் நாளில் அறுவை சிகிச்சையால்கூடப் பெரிதாக எதையும் மீட்க முடிவதில்லை.

வீட்டில் என்ன நடக்கிறது என்பது உங்களுக்கும் தெரியும். தீட்டு கழியும் முன் பச்சை உடம்புக்காரியையும் குழந்தையையும் வெளியே அனுப்பக்கூடாது என்று பெரியவர்கள் சொல்வார்கள். குழந்தை நன்றாகப் பால் குடிக்கிறது, கொழுகொழுவென்று ஆகிவிட்டது, எதற்கு இன்னோர் ஆஸ்பத்திரி என்பார்கள். கண்ணை அழுத்திப் பார்க்கும்போது குழந்தை அழுவதை ஒருமுறை பார்த்த அம்மா மறுமுறை தயங்குவார். நோய் ஏறும் வாரங்களும் இந்தத் தயக்கத்தின் வாரங்களும் ஒன்றாகவே விழுகின்றன. டிஸ்சார்ஜ் சம்மரியின் கடைசியில் ஆங்கிலத்தில் ஒரு வரி எழுதுவதால் இது மாறாது. தனித் தாளில், தமிழில், பெரிய எழுத்தில்: 'இந்தக் குழந்தையின் கண் நரம்பை இந்தத் தேதியில், இந்த இடத்தில் பார்க்க வேண்டும். தவறினால் பார்வை திரும்பாமல் போகலாம்.' அதை அம்மாவிடம் மட்டும் கொடுக்காமல், வீட்டில் முடிவெடுக்கும் பாட்டியையோ அப்பாவையோ அழைத்து உட்காரவைத்துச் சொல்லுங்கள். 2015 ஜூலையில் உச்ச நீதிமன்றம், 1996இல் சென்னையில் குறைமாதத்தில் பிறந்து பார்வையிழந்த ஒரு பெண்ணுக்குச் சுமார் 1.8 கோடி ரூபாய் இழப்பீடு வழங்கச் சொன்னது. பரிசோதிக்கவும் இல்லை, பெற்றோரிடம் ஆபத்தைச் சொல்லவும் இல்லை என்பதே அந்த வழக்கின் உயிர்நாடி. வழக்குக்குப் பயந்து அல்ல, அந்த இரண்டு விடுபாடுகளும் இன்றைக்கும் எவ்வளவு எளிதில் நடக்கக்கூடியவை என்பதற்காகச் சொல்கிறோம்.

ஒருமுறை பார்த்தால் முடிந்துவிடுவதும் இல்லை. குழாய்கள் விளிம்பை எட்டும்வரை, கண்ணின் நிலையைப் பொறுத்து வாரம் ஒருமுறையோ இரண்டு வாரத்துக்கு ஒருமுறையோ பார்ப்போம். சிகிச்சை தேவை என்று சொன்னால் 48 முதல் 72 மணி நேரத்துக்குள் செய்ய வேண்டும். மிகச் சிறிய குழந்தைகளிடம் படிகளைத் தாண்டிச் சில நாளில் முற்றும் வகையில் அதற்கும் முன்பே. 'பொங்கல் முடிந்து வாருங்கள்' என்று சொல்ல இடமில்லை. லேசர் வைப்பது பட்டினி கிடக்கும் அந்தக் கடைமடைப் பகுதியைச் சுட்டு, விஇஜிஎஃப் சுரப்பை நிறுத்துவதற்காக. பக்கப் பார்வை கொஞ்சம் குறையும், நடுப் பார்வை தங்கும். லேசருக்குப் பதிலாக, விஇஜிஎஃப்பைத் தடுக்கும் ஊசியைக் கண்ணில் போட்ட குழந்தைகளுக்கு நோய் பல வாரம் கழித்துத் திரும்பி வரலாம். அதனால் ஊசி போட்டதும் 'சரியாகிவிட்டது' என்று வீட்டாரிடம் சொல்லிவிடாதீர்கள். அந்த ஒரு சொல்லோடு அவர்கள் வருவதை நிறுத்திவிடுவார்கள். சிகிச்சை தேவைப்படாமல் தப்பிய குழந்தைக்கும் கிட்டப்பார்வையும் மாறுகண்ணும் மற்றக் குழந்தைகளைவிட அதிகம். பள்ளி சேரும்வரை ஆண்டுக்கொருமுறை பார்க்க வேண்டும்.

இணை இயக்குநர்களிடம் தனியாக ஒரு சொல். ஒவ்வொரு மாவட்டத்திலும் விழித்திரை மருத்துவர் கிடைக்க மாட்டார் என்பது உண்மை. அதற்கு வழி உண்டு. கர்நாடகத்தில் 2008 முதல் பயிற்சி பெற்ற தொழில்நுட்பப் பணியாளர்கள் அகலக் கோணக் கேமராவோடு மாவட்டங்களுக்குப் போய்ப் படம் எடுத்து அனுப்புகிறார்கள், மருத்துவர் வேறொரு ஊரில் இருந்தபடி முடிவு சொல்கிறார். கிட்ராப் என்ற அந்தத் திட்டம் நடந்து காட்டியது இப்போது புதுமையே இல்லை. பெங்களூரிலேயே செய்யும் 3நேத்ரா நியோ போன்ற கேமராக்களும் கிடைக்கின்றன. கேமரா வாங்கும்போது அதை இயக்க ஒரு நிரந்தரப் பணியாளரையும், அவர் விடுப்பில் போனால் இன்னொருவரையும் சேர்த்து யோசியுங்கள். பூட்டிய அறையில் உறை போட்டுக் கிடக்கும் கேமராவால் யாருக்கும் பயனில்லை.

பின்தொடர்வுக்கும் புதிதாக எதையும் கண்டுபிடிக்க வேண்டாம். ஒவ்வொரு தாய்க்கும் கர்ப்பத்தைப் பதிவு செய்யும்போது கொடுக்கும் பிக்மி எண் இருக்கிறது. ஒவ்வொரு ஊருக்கும் கிராம சுகாதாரச் செவிலியர் இருக்கிறார். டிஸ்சார்ஜ் ஆன குழந்தையின் பிக்மி எண்ணும் கண் பரிசோதனைத் தேதியும் அன்றே அந்தச் செவிலியருக்குப் போய்ச் சேரட்டும். தேதிக்கு முந்தைய நாள் ஒரு போன், வராவிட்டால் மறுநாள் ஒரு வீட்டு விசாரிப்பு. தடுப்பூசிக்கு இதைத்தானே செய்கிறோம். தனியார் மருத்துவமனையில் பிறந்த குழந்தைகளும் இந்தப் பட்டியலில் வர வேண்டும். இன்றைக்கு அவர்கள்தான் எந்தப் பதிவேட்டிலும் சிக்காமல் நழுவுகிறார்கள்.

உங்கள் பிரிவில் எத்தனை சிபேப் ஓடுகின்றன, எத்தனைக்கு பிளெண்டர் இருக்கிறது, சென்ற மாதம் 2000 கிராமுக்குக் குறைந்து டிஸ்சார்ஜ் ஆன குழந்தைகளில் எத்தனை பேருக்கு 30 நாளுக்குள் கண் பார்த்தாகிவிட்டது என்ற எண்களை மட்டும் இந்த வாரம் எடுத்துப் பாருங்கள். கண் பரிசோதனைக்கு ஆள் இல்லை என்றால், அருகிலுள்ள மருத்துவக் கல்லூரியின் கண் பிரிவுக்கு எழுதி, வாரத்தில் ஒரு நாளை நிலையாகக் கேட்டு வாங்குங்கள். அந்த நாளில் குழந்தைகளுக்கு மருந்து போட்டு ஆயத்தமாக வைக்கும் செவிலியர் ஒருவரின் பெயரைப் பணிப்பட்டியலில் எழுதிவிடுங்கள். வருகிற மருத்துவர் காத்திருக்காமல் வேலையைத் தொடங்க முடியும்.

இப்படிக்கு,
குறைமாதக் குழந்தைகளின் விழித்திரையைப் பார்க்கும் கண் மருத்துவர்களும் செவிலியர்களும்